சென்னைக்கு ஈடாகக் கொடுக்கப்பட்ட கோட்டை



நமது பங்கின் வரலாற்றை என்னைவிட நன்கு அறிந்த பெரியவர்கள் இம்மலரில் விரிவாக எழுதியிருக்கிறார்கள். நேற்று வந்த பங்குத்தந்தை அதைத் திருப்பி எழுதுவது முறையன்று. ஆகவே உங்களுக்கு வேறொரு கடற்கரையின் கதையைச் சொல்ல விரும்புகிறேன். கடந்த எட்டு மாதங்களாக நம் பங்குப் பேரவையில் ஒரே விவாதம் நடந்து வருகிறது: பழைய கோவிலின் முகப்பை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டுவதா, அல்லது அந்தச் சுண்ணாம்புச் சுவரைப் பழுது பார்த்து நிறுத்துவதா? இருபுறமும் நல்லவர்கள் இருக்கிறார்கள். இருபுறமும் குரல் உயர்ந்திருக்கிறது. அந்தக் கூட்டங்களில் உட்கார்ந்திருந்தபோதெல்லாம் என் நினைவுக்கு வந்தது கனடா நாட்டிலுள்ள லூயிஸ்பர்க் என்னும் எல்லைக் கோட்டைதான்.

2004-ஆம் ஆண்டு ஆயர் அவர்களின் அனுமதியுடன் சமூகப் பணிப் பயிற்சிக்காகச் சில மாதங்கள் கனடாவில் அன்டிகோனிஷ் என்னும் சிற்றூரில் தங்கியிருந்தேன். அங்கே புனித பிரான்சிஸ் சவேரியார் பெயரால் ஒரு பல்கலைக்கழகம் உள்ளது. நம் கடற்கரைக்கு ஞானஸ்நானம் கொடுத்த அதே சவேரியார்தான்! ஒரு சனிக்கிழமை அங்குள்ள பங்குக் குடும்பம் ஒன்று தங்கள் காரில் என்னை அழைத்துச் சென்றது. மூன்று மணி நேரப் பயணம். கோடைக்காலம் என்றார்கள், நானோ கம்பளிச் சட்டைக்குள் நடுங்கிக் கொண்டிருந்தேன். மூடுபனி விலகியதும் கடலோரத்தில் கல் மதில், கூரான சாம்பல் நிறக் கூரைகள், நடுவே ஒரு மணிக்கூண்டு. முந்நூறு ஆண்டுப் பழமை என்று நினைத்து வியந்தேன். உடன் வந்த முதியவர் சிரித்துவிட்டு, "அந்தச் சுவரில் என் அப்பா வைத்த கல்லும் இருக்கிறது" என்றார். அவர் தந்தையார் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி.

அது எப்படி என்பதைத்தான் சொல்ல வருகிறேன்.

1713-ஆம் ஆண்டு உட்ரெக்ட் உடன்படிக்கையின்படி பிரெஞ்சுக்காரர் வட அமெரிக்காவின் கிழக்குக் கரையில் நியூபவுண்ட்லாந்தையும் அக்காடியாவையும் ஆங்கிலேயருக்கு விட்டுக்கொடுத்தார்கள். மிஞ்சியது கேப் பிரெட்டன் என்னும் தீவு. அதற்கு 'அரச தீவு' என்று பெயரிட்டு, அதன் கிழக்கு ஓரத்தில் ஒரு துறைமுகத்தைத் தேர்ந்துகொண்டார்கள். ஆங்கிலேயருக்கும் தமக்கும் இடையே அதுவே இனி எல்லை. அரசர் பதினான்காம் லூயியின் பெயரால் அதற்கு லூயிஸ்பர்க் என்று பெயர் வந்தது. அந்த மண் உண்மையில் மிக்மாக் என்னும் பழங்குடி மக்களுடையது. எல்லைக்கோடு போட்ட இரு அரசர்களும் அவர்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவர்களிடையே மயார் என்ற குரு உழைத்து, அவர்கள் மொழியில் செபங்களைச் சித்திர எழுத்துக்களால் எழுதிக் கற்பித்தார். அம்மக்கள் இன்றளவும் புனித அன்னம்மாளின் திருவிழாவைத் தீவு ஒன்றில் கூடிக் கொண்டாடுகிறார்கள்.

அந்தக் குளிரில், அந்தப் பனியில் கோட்டை கட்ட என்ன அவசியம்? பொன்னா, முத்தா? இரண்டுமில்லை, மீன். காட் என்னும் மீன் அக்கடலில் கணக்கின்றிக் கிடைத்தது. பிரித்தானி, நார்மண்டி, பாஸ்க் நாட்டு மீனவர்கள் அதைப் பிடித்து, தலையை வெட்டி, முதுகெலும்பை நீக்கி, உப்பிட்டு, கரையில் பரப்பி உணக்கினார்கள். நம் கரையில் கருவாடு உணக்கும் தாய்மார்களுக்கு நான் இதை விளக்க வேண்டியதில்லை. கத்தோலிக்க ஐரோப்பாவில் தவக்காலமும் வெள்ளிக்கிழமைகளும் விழிப்பு நாட்களுமாக ஆண்டில் நூறு நாட்களுக்கு மேல் இறைச்சி விலக்கு இருந்த காலம் அது. அந்நாட்களில் கடலிலிருந்து தொலைவில் வாழ்ந்தவனும் உண்ணக்கூடியது இந்தக் கருவாடுதான். ஆகவே ஒரு பேரரசின் எல்லைக் கோட்டை கருவாட்டின் மேல் எழும்பியது என்று சொன்னால் அது வேடிக்கையான பேச்சன்று.

கோட்டை வேலை 1720 வாக்கில் மும்முரமாகத் தொடங்கிற்று. வெர்வில், அவருக்குப் பின் வெரியே என்ற பொறியாளர்கள் திட்டமிட்டார்கள். 'அரசர் கொத்தளம்' என்ற பகுதியில் எழுந்த நீண்ட கட்டடம் அக்காலத்து வட அமெரிக்காவின் மிகப் பெரிய கட்டடங்களுள் ஒன்று. ஆளுநர் மாளிகை, படைவீரர் அறைகள், சிறைச்சாலை, சிற்றாலயம் எல்லாம் ஒரே கூரையின் கீழ்! செலவு ஏறிக்கொண்டே போனதால், தம் அரண்மனை சன்னலிலிருந்தே அதன் கோபுரங்கள் தெரிய வேண்டுமே என்று பதினைந்தாம் லூயி அரசர் கேட்டதாக ஒரு கதை உண்டு. கதைதான், ஆயினும் கட்டடக் கணக்கைப் பார்த்த எந்தப் பங்குத்தந்தைக்கும் அரசரின் மனநிலை புரியும்.

இதில் ஒரு பெரும் குறை நேர்ந்தது. காரைக்குக் கடல் மணலைப் பயன்படுத்தினார்கள். கடல் மணல் கலந்து கட்டிய வீட்டின் கதி என்னவென்று நம்மூரில் பல குடும்பங்கள் பட்டறிந்திருக்கின்றன. அங்கே உப்போடு மூடுபனியும் சேர்ந்துகொண்டது; ஈரம் காயாமல் காரை இறுகவில்லை. குளிர்காலத்தில் சுவருக்குள் இருந்த நீர் உறைந்து விரியும், வசந்தத்தில் உருகும், கல் பெயரும். கடைசியில் கல் மதிலைக் காப்பாற்ற அதன்மேல் மரப்பலகை அடித்தார்கள். கோட்டையின் வாழ்நாள் முழுவதும் கட்டும் வேலையும் பழுது பார்க்கும் வேலையும் ஒன்றாகவே நடந்தன.

இனி நம்மைப் போன்றவர்கள் கவனிக்க வேண்டிய ஒரு செய்தி. அவ்வூரின் பங்கு 'சம்மனசுகளின் இராக்கினி' பெயரால் அமைந்தது. பிரான்சிஸ்கன் சபையின் ரெக்கொலே கிளையைச் சேர்ந்த குருக்கள் பங்கை நடத்தினார்கள். புனித இறை யோவான் சபைச் சகோதரர்கள் மருத்துவமனையை நடத்தினார்கள். 1727 முதல் கன்னியர் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தினார்கள். அவர்கள் பட்ட வறுமை கொஞ்சமன்று. மக்கள் பக்தியுள்ளவர்கள். ஆனால் அந்த ஊர் இருந்த காலமெல்லாம் அங்கே ஒரு பங்குக் கோவில் கட்டப்படவே இல்லை! கோவில் வரி என்று ஒன்றைக் கட்டாயமாக்க முயன்றபோதெல்லாம் மீன்பிடி முதலாளிகளும் மக்களும் மறுத்துவிட்டார்கள். அரசர் கட்டித் தரட்டும் என்பது அவர்கள் எண்ணம். அரசரோ, மக்கள் கட்டிக்கொள்ளட்டும் என்றார். ஆக, படைவீரர் குடியிருப்பிலிருந்த புனித லூயி சிற்றாலயமே கடைசிவரை பங்குக் கோவிலாக உதவிற்று. நம் முன்னோர் வலையில் விழுந்த மீனில் ஒரு பங்கைத் தெறிப்பாகக் கொடுத்து இக்கோவிலை எழுப்பியவர்கள். இரண்டு கூட்டத்தாரும் மீனவர்கள்தான். இதற்குமேல் இதைப்பற்றி நான் எழுதினால் கணக்கர் மகிழ்வார், மற்றவர்கள் பக்கத்தைப் புரட்டி விடுவீர்கள்.

1744-ஆம் ஆண்டு போர் மூண்டது. அவ்வாண்டு டிசம்பர் மாதம், கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு இரண்டு நாட்களுக்குப் பின், கோட்டையைக் காக்க வேண்டிய வீரர்களே கலகம் செய்தார்கள். அழுகிய காய்கறி, போதாத விறகு, மதில் வேலை செய்ததற்குக் கிடைக்காத கூலி, இவையே அவர்கள் முறையீடு. அதிகாரிகள் ஏதோ கொடுத்துச் சமாதானப்படுத்தினார்கள். ஆனால் அன்று முதல் தம் வீரர்களை நம்பி வாயிலுக்கு வெளியே அனுப்பும் துணிவு அவர்களுக்கு இல்லாமற் போயிற்று.

அடுத்த ஆண்டு வசந்தத்தில் நியூ இங்கிலாந்துக் குடியேற்றங்களிலிருந்து ஏறத்தாழ நாலாயிரம் பேர் வந்திறங்கினார்கள். மீனவர், உழவர், தச்சர். தலைவர் பெப்பரெல் ஒரு வணிகர். கத்தோலிக்க வேதத்தை அழிக்கும் புனிதப் போர் என்றே பலர் நினைத்திருந்தார்கள். சிற்றாலயத்துச் சுரூபங்களை உடைப்பதற்கென்று அவர்களது வயது முதிர்ந்த போதகர் ஒருவர் கையில் கோடரியுடன் வந்தார். கோட்டையின் பலம் முழுவதும் கடலை நோக்கியிருந்தது. எதிரி வந்ததோ பின்புறமாக, சதுப்பு நிலத்தின் வழியாக. பீரங்கி சேற்றில் புதைந்தபோது மரச்சறுக்குகளின் மேல் ஏற்றி, இடுப்பளவு சேற்றில் நூற்றுக்கணக்கானோர் கயிறு பிடித்து இழுத்தார்கள். கரைக்கு வள்ளம் இழுத்த தோள்களுக்கு அது எத்தகைய வேலை என்று தெரியும். துறைமுகத்தின் உட்கரையிலிருந்த பீரங்கி மேடையைப் பிரெஞ்சுக்காரர் அவசரத்தில் கைவிட்டுச் சென்றார்கள். பீரங்கிகளின் துளைகளில் அடித்துவிட்டுப் போன ஆணிகளை எதிரிகள் எளிதில் பிடுங்கி, அதே பீரங்கிகளை ஊரின் பக்கம் திருப்பினார்கள். ஏழு வாரத்தில் கோட்டை பணிந்தது. மக்கள் அனைவரும் கப்பலேற்றிப் பிரான்சுக்கு அனுப்பப்பட்டார்கள். வென்றவர்களுக்கும் நிம்மதியில்லை, போரில் இறந்த தோழர்களைவிடப் பல மடங்கு பேர் அந்தக் குளிர்காலத்தில் நோயால் மாண்டார்கள். ஏறத்தாழ ஒன்பது நூறு பேர் என்பது கணக்கு.

இங்கேதான் நம் நாடு இக்கதைக்குள் வருகிறது. மறு ஆண்டு, 1746 செப்டம்பரில், பிரெஞ்சுக் கடற்படைத் தலைவர் லபூர்தொனே சென்னைப் பட்டணத்தின் புனித ஜார்ஜ் கோட்டையைக் கைப்பற்றினார். பாண்டிச்சேரியில் ஆளுநர் துய்ப்ளேயும் அவருடைய துபாஷி ஆனந்தரங்கப் பிள்ளையும் இருந்த நாட்கள் அவை. 1748-இல் அய்-லா-சப்பேல் என்னும் நகரில் சமாதானம் பேசியபோது, பிரான்சு தான் பிடித்த சென்னையையும் ஐரோப்பாவில் வென்ற நாடுகளையும் திருப்பித் தந்தது. இங்கிலாந்து லூயிஸ்பர்க்கைத் திருப்பிக் கொடுத்தது. ஒரு தராசின் ஒரு தட்டில் கருவாட்டுக் கோட்டை, மறு தட்டில் நம் சென்னை! பள்ளியில் சரித்திரம் படித்தபோது இவ்விணைப்பை எனக்கு யாரும் சொன்னதில்லை.

இந்தக் கைமாற்றத்தில் சென்னைக் கத்தோலிக்கர் பட்ட பாட்டையும் சொல்ல வேண்டும். 1749-இல் திரும்பி வந்த ஆங்கிலேயர், கப்புச்சின் குருக்கள் பிரெஞ்சுக்காரருக்கு உதவினார்கள் என்று சாட்டி, கோட்டைக்குள்ளிருந்த புனித அந்திரேயா ஆலயத்தைப் பறித்துக் கொண்டார்கள். அர்மேனிய வணிகர் கோஜா பெத்ருஸ் உஸ்கான் வேப்பேரியில் கட்டியிருந்த சிற்றாலயம் லுத்தரன் மிஷனரி பப்ரிசியுசிடம் ஒப்படைக்கப்பட்டது. கப்புச்சின் குருக்கள் கோட்டைக்கு வெளியே அர்மேனியன் தெருவில் பணியைத் தொடர்ந்தார்கள். அத்தெருவில் இன்று நிற்கும் இணைப் பேராலயமும் சம்மனசுகளின் இராக்கினி பெயர் கொண்டதே. கடலுக்கு இப்பாலும் அப்பாலும், பிரான்சிஸ்கன் குடும்பத்துக் குருக்களின் கையில், ஒரே மாதாவின் பெயரால் இரு பங்குகள். இரண்டையும் ஒரே போர் அலைக்கழித்தது.

லூயிஸ்பர்க் மக்கள் 1749-இல் வீடு திரும்பினார்கள். ஒன்பது ஆண்டுகளே அமைதி. 1758 ஜூன் மாதம் அம்ஹர்ஸ்ட், உல்ப் என்ற தளபதிகளின் கீழ் பதின்மூவாயிரம் வீரர்களுடன் ஆங்கிலப் படை வந்தது. இம்முறை கோட்டை வீரமாகவே போராடிற்று. ஆளுநர் துருக்கூரின் மனைவி நாள்தோறும் மதிலேறித் தம் கையால் மூன்று பீரங்கிகளைச் சுட்டு வீரர்களுக்கு ஊக்கமூட்டினார் என்பார்கள். ஜூலை 26-இல் கோட்டை மீண்டும் விழுந்தது. மக்கள் மீண்டும் நாடு கடத்தப்பட்டார்கள். இனி இதைத் திருப்பிக் கொடுக்கும் பேச்சே எழக்கூடாது என்று 1760-இல் ஆங்கிலேயர் மதில்களின் அடியில் சுரங்கம் தோண்டி, வெடிமருந்து வைத்து, மாதக்கணக்கில் உழைத்து அதைத் தகர்த்தார்கள். நல்ல கற்கள் ஹாலிபாக்ஸ் முதலிய ஊர்களின் கட்டடங்களுக்குப் போயின. எஞ்சியது புல்மேடு. இருநூறு ஆண்டுகள் அதன்மேல் ஆடு மேய்ந்தது.

அதே தீவில் நிலக்கரி கிடைத்தது. மக்கள் தரைக்கடியிலும், சில இடங்களில் கடலுக்கு அடியிலும் சென்று வெட்டினார்கள். நம்மவருக்குக் கடலின்மேல் உயிர்ப்பயம், அவர்களுக்குக் கடலின்கீழ். கம்பெனிக் கடையில் கடன், கூலிக் குறைப்பு, வேலைநிறுத்தம் என்று அவர்கள் பட்ட துன்பத்தைக் கண்டுதான் தந்தை ஜிம்மி டாம்கின்ஸ், தந்தை மோசஸ் கோடி என்ற இரு குருக்கள் கூட்டுறவுச் சங்கங்களையும் படிப்பு வட்டங்களையும் வளர்த்தார்கள். நான் பயிற்சி பெற்ற நிறுவனம் தந்தை கோடியின் பெயரால் 1959-இல் தொடங்கப்பட்டது. 1950-களின் இறுதியில் எண்ணெயின் வரவால் நிலக்கரிக்குக் கிராக்கி குறைந்தது. சுரங்கங்கள் மூடத் தொடங்கின. நிலைமையை ஆராய அமைந்த ஆணைக்குழுவின் தலைவர் நீதிபதி ஐவன் ராண்ட் 1960-இல் தந்த அறிக்கையில், வேலையற்ற சுரங்கத் தொழிலாளருக்கு வேலை தரும் வழியாக லூயிஸ்பர்க்கைத் திரும்பக் கட்டலாம் என்று யோசனை கூறினார். 1961-இல் கனடா அரசு வேலையைத் தொடங்கியது. கோடரியால் உத்திரம் செதுக்கவும், கல் கொத்தவும், உலையில் கீல் அடிக்கவும், ஓட்டுக்குப் பதில் கல்பலகை வேயவும் ஐம்பது வயதுக்காரர்கள் புதிதாகக் கற்றார்கள். முதியவரின் தந்தை முதல் ஆறு மாதம் வெயிலில் கண் கூசி அவதிப்பட்டாராம். முப்பது ஆண்டு இருட்டில் உழைத்த கண்கள் அல்லவா!

எதைப் பார்த்துக் கட்டினார்கள்? தரைக்கு மேலே ஒன்றுமில்லை. தரைக்குக் கீழே அஸ்திவாரங்கள் இருந்தன; பிரான்சில் காகிதங்கள் இருந்தன. ஒவ்வொரு ஆணிக்கும் அரசருக்குக் கணக்கு அனுப்ப வேண்டியிருந்ததால், வரைபடம், ஒப்பந்தம், இறந்தவர் வீட்டுச் சாமான் பட்டியல் என்று குவிந்து கிடந்தன. அவற்றில் ஏழரை இலட்சம் பக்கங்களுக்கு நகல் எடுத்தார்கள். ஒரு வீட்டில் எத்தனைக் கரண்டி, எந்த நிறத்தில் திரைச்சீலை என்றெல்லாம் தெரிந்தது. ரெக்கொலே குருக்கள் எழுதிய ஞானஸ்நான, திருமண, அடக்கப் பதிவேடுகளும் தப்பியிருந்தன. பங்கு மக்களே, பதிவேட்டில் பெயர் பிழையாக இருக்கிறது, தேதி மாறியிருக்கிறது என்று நான் உங்களைத் தொந்தரவு செய்யும்போது பொறுத்துக் கொள்ளுங்கள். முன்பு நான் பணியாற்றிய ஓர் ஊரில் நாற்பது ஆண்டு ஞானஸ்நானங்களைக் கரையான் தின்றுவிட்டது. ஒரு மூதாட்டி தம் தாயின் பெயர் எப்படி எழுதப்பட்டிருந்தது என்று பார்க்க வந்து, புழுதியைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனார்.

இப்படி இல்லாததைத் திரும்பக் கட்டுவது சரியா என்று அறிஞர்கள் கேட்டார்கள். வேலை தொடங்கி மூன்றாம் ஆண்டில், 1964-இல், பழஞ்சின்னங்களைப் பேணுவோர் வெனிசில் கூடி வகுத்த சாசனம், அகழ்ந்தெடுத்த இடங்களில் சிதறிக் கிடக்கும் பழைய பகுதிகளை மறுபடி பொருத்தலாமே தவிர, புதிதாகக் கட்டுவது கூடாது என்றது. அந்த அளவுகோலால் பார்த்தால் லூயிஸ்பர்க் ஒரு பெரும் மீறல். பிறகு எடுத்த நிதானமே எனக்குப் பிடித்திருக்கிறது. பழைய ஊரில் ஏறத்தாழ நாலில் ஒரு பங்கை மட்டும், 1744-ஆம் ஆண்டு இருந்தபடி, ஐம்பதுக்கு மேற்பட்ட கட்டடங்களாக எழுப்பினார்கள். மற்ற முக்கால் பங்கை இடிபாடாகவே விட்டுவிட்டார்கள். வாயிலில் நின்று வலப்புறம் பார்த்தால் வீதி, இடப்புறம் பார்த்தால் புல்மேடு. எது புதிது, எது பழையது என்று குழந்தைக்கும் தெரியும். நம் கோவில் முகப்பைப் பற்றி என்னைக் கேட்டால், நிற்கும் சுவர் வேறு, இல்லாத சுவர் வேறு என்பேன். லூயிஸ்பர்க்காரர் இல்லாததைக் கட்டத் தவித்தார்கள். நாம் நிற்பதை இடிக்க நாள் பார்க்கிறோம். சுவர் ஈரம் கசிவது அதன் குற்றமன்று. 1980-களில் சுண்ணாம்புக் காரையின்மேல் சிமெண்டு பூசி அதன் மூச்சை அடைத்தோம். உள்ளே புகுந்த நீர் வெளியேற வழியில்லை. சிமெண்டைக் கொத்தி எடுத்து மறுபடியும் சுண்ணாம்பு பூசும் கொத்தனார்கள் இன்னும் இருக்கிறார்கள். பேரவையில் நான் சொன்னது இதுதான். மலர் அச்சுக்குப் போகும் இந்நாள் வரை முடிவாகவில்லை.

சிற்றாலயத்தையும் சுரங்கத் தொழிலாளரே எழுப்பினார்கள். தங்கள் காசில் ஒரு கோவில் கட்ட மனமில்லாதிருந்த ஊருக்கு, பிழைப்பிழந்த மனிதர்கள் கட்டிய பீடம் அது. அஸ்திவாரத்தைத் தோண்டியபோது தரைக்கடியில் பெரிய மனிதர்களின் கல்லறைகள் வெளிப்பட்டன. 1744-இல் இறந்த ஆளுநர் துக்கெனெலை ஒரு கால் இல்லாததைக் கொண்டு அடையாளம் கண்டார்கள். மரக்காலுடன் வாழ்ந்தவர் அவர். 1745-இல் வெற்றிப் பொருளாக எடுத்துச் சென்றதாகச் சொல்லப்படும் இரும்புச் சிலுவை நெடுங்காலம் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இருந்தது. 1995-இல் கடனாகவே எனினும் திரும்பி வந்துவிட்டது. நான் அங்கே ஒரு மங்கள வார்த்தை செபம் தமிழில் சொன்னேன். கீல் சத்தமிட்ட கதவை அன்று யாரோ அடித்த கையை நினைத்துக்கொண்டேன்.

ஊருக்குக் கிழக்கே ரோஷ்போர் முனை என்று ஒரு மண்திட்டு கடலுக்குள் நீண்டிருக்கிறது. ஏழைகளையும் வீரர்களையும், அந்தக் குளிர்காலத்தில் நோயில் இறந்த நியூ இங்கிலாந்துக்காரரையும் அங்கே புதைத்தார்கள். ஆயிரம் பேர் வரை இருக்கலாம் என்கிறார்கள். கோட்டை கட்டிய காலத்தைவிடக் கடல் அங்கே ஏறத்தாழ 90 சென்டிமீட்டர் உயர்ந்துவிட்டது. கரை அரித்துக்கொண்டே வருகிறது. எலும்புகள் அலையில் போய்விடக் கூடாது என்று 2017 முதல் பல்கலைக்கழக மாணவர்களும் பூங்காத் துறையினரும் ஒவ்வொரு கல்லறையாகத் திறந்து, எடுத்து வருகிறார்கள். இப்போதும் அந்த முதியவரின் குடும்பத்தார் கிறிஸ்து பிறப்புக்கு எனக்குக் கடிதம் எழுதுவார்கள். சென்ற ஆண்டு நான் எழுதிய பதிலில், நம் கல்லறைத் தோட்டத்தின் தென்கிழக்கு மதில் விழுந்ததையும், வரிசையில் கடைசியாக இருந்த ஏழு கல்லறைகளை நம் இளைஞர்கள் இரவோடிரவாகப் பெயர்த்து மேட்டுக்குக் கொண்டு வந்ததையும் குறிப்பிட்டிருந்தேன்.